ஒரே கட்டை, நாலு ஊர்

குடியாத்தம் வீட்டுப் பரணை போன மாதம் ஒழித்தபோது ஒரு பழைய பிஸ்கட் டின் கிடைத்தது. தூக்கினால் செங்கல் கனம். திறந்தால் பெரியப்பாவின் அச்சகத்தில் மிச்சமிருந்த பிளாக்குகள், அதாவது படம் அடிக்கிற அச்சுக் கட்டைகள். ஒவ்வொன்றையும் செய்தித்தாளில் சுற்றி, சணலால் கட்டி, அடியில் வேப்பிலை போட்டு வைத்திருந்தார். இலை பொடியாகிப் போயிருந்தது, பிளாக்குகள் அப்படியே இருந்தன. பிள்ளையார், குத்துவிளக்கு, கும்பிடும் கைகள், மாலையோடு நிற்கும் மணமக்கள், பிறை, சிலுவை. எல்லாம் மரத்தின் மேல் ஆணியடித்த துத்தநாகத் தகடு. ஒன்று மட்டும் முழுக்க மரம். கெங்கையம்மன் முகம், உள்ளங்கை அகலம், ஊர் ஆசாரி ஒருவர் உளியால் வெட்டிக் கொடுத்தது.

பள்ளி விடுமுறை முழுக்க நான் அந்த அச்சகத்தில்தான் கிடந்தேன். டிரெடில் மிஷின் ஓடும் சத்தம், மை வாசனை, ஈய எழுத்துகளைப் பிரித்து அறையறையாகப் போடும் வேலை, இதெல்லாம் இன்னும் என் கையில் இருக்கிறது. இப்போது வேலூரில் கம்ப்யூட்டரில் டிசைன் செய்து பிழைக்கிறேன். பேனர், பத்திரிகை, பில் புக். ராத்திரியில் மட்டும் எனக்கு வேறொரு வேலை. ஆம்ஸ்டர்டாமின் ரைக்ஸ் மியூசியம், நியூயார்க்கின் மெட்ரோபாலிடன் மியூசியம் மாதிரியான இடங்கள் தங்களிடம் உள்ள ஐந்நூறு வருஷப் பழைய அச்சுப் படங்களைப் பெரிய அளவில் இலவசமாக இணையத்தில் போட்டிருக்கின்றன. அவற்றை இறக்கி, பெரிதாக்கி, கோடு கோடாகப் பார்த்துக்கொண்டிருப்பேன். இந்த டின் கிடைத்த பிறகு அந்தப் படங்கள் எனக்கு வேறு மாதிரி தெரிய ஆரம்பித்துவிட்டன. அதைத்தான் எழுத நினைக்கிறேன்.

அந்தப் பிள்ளையார் பிளாக்கில் தும்பிக்கைக்கு நடுவே ஒரு கீறல் உண்டு. கீறலில் மை ஏறாது, தாளில் வெள்ளையாக விழும். அதனால் எங்கள் அச்சகத்தில் அடித்த எந்தக் கல்யாணப் பத்திரிகையிலும் பிள்ளையார் தும்பிக்கையில் ஒரு வெள்ளைக் கோடு இருக்கும். யார் வீட்டுப் பத்திரிகை கைக்கு வந்தாலும் நான் முதலில் அந்தக் கோட்டைத்தான் தேடுவேன். இருந்தால் நம்ம அச்சகம். கோடு இல்லாத பிள்ளையார் என்றால் கீறல் விழுவதற்கு முன்னால் அடித்தது. ஐரோப்பிய அச்சுப் படங்களை ஆராய்கிறவர்களும் இதே வேலையைத்தான் செய்கிறார்கள் என்று தெரிந்தபோது எனக்கு அவ்வளவு சந்தோஷம். கட்டையில் விழுந்த வெடிப்பு, பூச்சி அரித்த ஓட்டை, தேய்ந்த ஓரம், இவற்றை வைத்து எந்தப் பிரதி முந்தியது, எது பிந்தியது என்று வரிசைப்படுத்துவார்கள். ட்யூரர் என்ற ஜெர்மன் ஓவியர் மரக்கட்டையில் அடித்த புகழ்பெற்ற காண்டாமிருகத்தின் பிந்தைய பிரதிகளில் கால்களின் குறுக்கே ஒரு வெடிப்பு ஓடும். அந்தக் காண்டாமிருகத்துக்கு அப்புறம் வருகிறேன்.

மணமக்கள் பிளாக் ஒன்றே ஒன்றுதான் இருந்தது. ஊரில் யார் கல்யாணமானாலும் அதே ஜோடி. ஒருமுறை நெசவு வேலை பார்க்கும் ஒருவர் புரூஃப் பார்க்க வந்து, "இன்னாணா, எங்க மச்சான் கல்யாணத்துக்குப் போட்ட அதே ஜோடியா?" என்று கேட்டார். பெரியப்பா நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "ஜோடி அதேதாம்பா, கீழ பேரு உன் பையன் பேரு." அவரும் சரி என்று கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனார். யாருக்கும் அது பொய்யாகத் தோன்றவில்லை. அந்தப் படம் அந்தப் பையனையும் பெண்ணையும் காட்டுவதற்காக இல்லை, "இங்கே கல்யாணம்" என்று சொல்வதற்காக.

1493இல் ஜெர்மனியின் நூரம்பெர்க் நகரத்தில் ஹார்ட்மன் ஷேடல் எழுதிய உலக வரலாற்று நூல் ஒன்று அச்சானது. அச்சிட்டவர் அன்டோன் கோபெர்கர், அந்தக் காலத்தின் மிகப் பெரிய அச்சகக்காரர்களில் ஒருவர். படங்களைச் செய்தது மிக்கேல் வோல்கெமூட்டின் பட்டறை. புத்தகத்தில் உள்ள படங்களை எண்ணினால் 1,809 வருகிறது. அவற்றுக்காக வெட்டிய கட்டைகள் 645தான். மிச்சமெல்லாம் திரும்பத் திரும்ப அடித்தவை. ஒரே நகரத்துப் படம், அதே கோபுரம், அதே மதில், ஒரு பக்கத்தில் டமாஸ்கஸ் என்ற பெயரோடு நிற்கும். இன்னொரு பக்கத்தில் ஃபெராரா. அப்புறம் மிலான். அப்புறம் மாந்துவா. ராஜாக்களும் போப்பாண்டவர்களும்கூட அப்படித்தான், ஒரே தாடிக்காரர் பல நூற்றாண்டுகளில் பல பெயர்களில் வந்துபோவார். ஆனால் நூரம்பெர்க்குக்கு மட்டும் இரண்டு பக்கம் விரிந்த தனிப்படம், உண்மையான கோட்டை, உண்மையான கோயில் கோபுரங்கள், பெயர்கூட எழுதி. சொந்த ஊரை வாங்குகிறவன் கண்டுபிடித்துவிடுவான். டமாஸ்கஸை யார் போய்ப் பார்த்தார்கள்?

இதைப் படிக்கிற பலர் "என்ன ஏமாற்று வேலை" என்பார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. அந்தக் காலத்து வாசகருக்கு அந்தப் படம் "இங்கே ஒரு நகரம்" என்று சொன்னது, அவ்வளவு போதும். எங்கள் மணமக்கள் பிளாக் மாதிரி. சிக்கல் அதற்கு அடுத்த தலைமுறையில்தான் வந்தது. படம் "இங்கே ஒரு நகரம்" என்று சொல்வதை விட்டுவிட்டு, "இந்த நகரம் இப்படித்தான் இருக்கும், நான் பார்த்து வரைந்தேன்" என்று சொல்ல ஆரம்பித்தபோது.

அதற்கு முன்னால் கட்டை வெட்டுவது எப்படி என்று சொல்லிவிடுகிறேன், இது தெரியாமல் அந்தப் படங்களைப் பார்ப்பது பாதி பார்ப்பதுதான். பேரி மரம் மாதிரி இழை நெருக்கமான மரத்தைப் பலகையாக அறுத்து வழவழப்பாக்குவார்கள். அதன்மேல் ஓவியர் வரைவார், அல்லது வரைந்த தாளைக் கவிழ்த்து ஒட்டுவார்கள். பிறகு வெட்டுகிறவர் உட்காருவார். கோடு எங்கே வேண்டுமோ அதை விட்டுவிட்டு மற்ற இடத்தையெல்லாம் எடுக்க வேண்டும். அதாவது ஒரு மெல்லிய கோட்டை நிற்க வைக்க அதன் இரண்டு பக்கமும் செதுக்க வேண்டும். நிழலுக்காகக் கோடுகள் குறுக்கும் நெடுக்குமாகப் போகிற இடத்தில் நடுவில் வருகிற குட்டிக் குட்டிச் சதுரங்களை ஒவ்வொன்றாக நோண்டி எடுக்க வேண்டும். நான் ஒரு வேப்பம்பலகையில் முயன்று பார்த்தேன். ஒரு மாவிலை, அவ்வளவுதான் திட்டம். மூன்று ஞாயிற்றுக்கிழமை போனது, நடு நரம்பு இரண்டு இடத்தில் உடைந்தது. உடைந்த கோட்டை ஒட்ட வைக்க வழியே கிடையாது.

ட்யூரர் தன் கட்டைகளில் பெரும்பாலானவற்றைத் தானே வெட்டவில்லை, வரைந்து கொடுத்தார். வெட்டியவர்களில் ஹிரோனிமஸ் அந்திரே என்ற நூரம்பெர்க்காரரின் பெயர் நமக்குத் தெரியும், பேரரசர் மாக்ஸிமிலியனுக்காக ட்யூரரும் கூட்டாளிகளும் வரைந்த வெற்றி வளைவை வெட்டியது அவர் பட்டறை. 195 கட்டைகள். அத்தனையையும் அடித்து ஒட்டினால் ஏறத்தாழ பதினோரு அடி உயரத்துக்கு ஒரு காகித வளைவு நிற்கும். ரோமாபுரி மன்னர்கள் கல்லில் கட்டியதை இவர் காகிதத்தில் அடித்து ஊர் ஊராக அனுப்பினார், பெரிய கட்டடங்களின் சுவரில் ஒட்ட. பேனர் டிசைன் செய்கிற எனக்கு இதைப் படித்த ராத்திரி தூக்கம் வரவில்லை. தலைவரின் முன்னோர் வரிசை, அவர் ஜெயித்த சண்டைகள், சுற்றிலும் சிங்கமும் கிரீடமும். தேர்தல் நேரத்தில் என் கடைக்கு வந்து கேட்பது இதையேதான்.

செப்புத்தகட்டு வேலை வேறு ஜாதி. அங்கே கோட்டைத் தோண்டுகிறோம், தோண்டிய பள்ளத்தில் மை நிற்கிறது. வேலூர் லாங் பஜார் பக்கம் பாத்திரக் கடைகளில் எவர்சில்வர் பாத்திரத்துக்குப் பெயர் வெட்டித் தருவார்களே, அதைச் சின்ன வயதில் மணிக்கணக்காக நின்று பார்த்திருக்கிறேன். பெரியம்மாவின் சொம்பில் அவர் பெயரும் கல்யாணத் தேதியும் புள்ளி புள்ளியாக இருக்கும். ஐரோப்பாவில் செப்புத்தகட்டு அச்சு பிறந்ததே இந்த மாதிரிக் கைகளில்தான், பொற்கொல்லர்களும் உலோகத்தில் பூ வேலை வெட்டுகிறவர்களும்தான் முதலில் இறங்கினார்கள். ட்யூரரின் அப்பாவே தட்டார். 1471இல் பிறந்த பையன் அப்பாவின் பட்டறையில் உளி பிடித்துப் பழகிவிட்டுத்தான் வோல்கெமூட்டிடம் ஓவியம் படிக்கப் போனான். நம் ஆள் சுத்தியலால் தட்டி வெட்டுவார், அங்கே உளியை உள்ளங்கையால் தள்ளுவார்கள். மணல் நிரப்பிய தோல் பை மேல் தகட்டை வைத்து, வளைகோடு வேண்டுமென்றால் கையைத் திருப்பாமல் தகட்டைத் திருப்புவார்கள். பிறகு தகடு முழுக்க மை பூசி, துணியால் மேல்பரப்பைச் சுத்தமாகத் துடைத்து, ஈரம் செய்த காகிதத்தை மேலே போட்டு இரண்டு உருளைக்கு நடுவே அழுத்தி எடுத்தால், ஈரக் காகிதம் பள்ளத்துக்குள் இறங்கி மையை உறிஞ்சிக்கொண்டு வரும். அசல் பிரதியை விரலால் தடவினால் கோடு மேலெழும்பி இருப்பது தெரியும் என்கிறார்கள். எனக்கு இதுவரை திரையில் மட்டும்தான் வாய்த்திருக்கிறது.

இன்னொன்று. உருளை வருவதற்கு முன் அச்சகங்களில் மை தடவியது தோல் பந்துகளால். உள்ளே கம்பளியோ குதிரை முடியோ அடைத்து, மேலே ஆட்டுத்தோலோ நாய்த்தோலோ இழுத்துக் கட்டி, மரக்கைப்பிடி வைத்தது. ஆளுக்கு இரண்டு பந்து, ஒன்றோடொன்று மோதி மையைச் சமமாக்கி எழுத்தின் மேல் ஒற்றுவார்கள். ராத்திரி தோல் இறுகிப் போகாமல் இருக்க மூத்திரத்தில் ஊறப்போடுவார்கள். பழைய வெள்ளைக்கார அச்சகம் என்றதும் பளபளவென்று கற்பனை செய்கிறவர்களுக்கு ராணிப்பேட்டை, ஆம்பூர், பேரணாம்பட்டுப் பக்கம் வளர்ந்த நாங்கள் அந்த வாசனையைச் சொல்லிக் கொடுக்கலாம்.

சரி, இந்தப் படங்களை வாங்கினவர்கள் என்ன செய்தார்கள்? நாம் மியூசியத்தில் சட்டம் போட்டுப் பார்க்கிறோம். அவர்கள் சுவரில் ஒட்டினார்கள், கதவில் ஒட்டினார்கள், பெட்டி மூடியின் உள்பக்கம் ஒட்டினார்கள். அதனால்தான் ஆயிரக்கணக்கில் அடித்ததில் ஒன்றிரண்டு மட்டும் தப்பியிருக்கிறது, ஒட்டினது சுவரோடு போய்விட்டது. தேதி போட்ட மரக்கட்டை அச்சுகளில் மிகப் பழையவற்றில் ஒன்று 1423 என்று குறித்த புனித கிறிஸ்டோபர் படம், குழந்தை இயேசுவைத் தோளில் சுமந்து ஆற்றைக் கடக்கும் காட்சி. அது இன்று மான்செஸ்டரில் இருக்கிறது. தப்பியதற்குக் காரணம், யாரோ ஒருவர் அதை ஒரு கையெழுத்துப் பிரதியின் அட்டை உள்பக்கம் ஒட்டி வைத்தது. படத்துக்குக் கீழே இரண்டு வரி. இந்த முகத்தை எந்த நாளில் பார்க்கிறாயோ அந்த நாளில் உனக்குத் துர்மரணம் வராது என்கிற மாதிரி.

எங்கள் பெரியம்மாவின் டிரங்குப் பெட்டி மூடியின் உள்ளே ஒரு லட்சுமி இருந்தாள். ஏதோ ஒரு மளிகைக் கடைக் காலண்டரிலிருந்து கத்தரித்தது, நாலு மூலையிலும் சோற்றுப் பருக்கை வைத்து ஒட்டியது. பணம் எடுக்க மூடியைத் திறக்கும்போதெல்லாம் ஒரு நொடி அவளைப் பார்த்துவிட்டுத்தான் கை உள்ளே போகும். புனித கிறிஸ்டோபரின் அந்த இரண்டு வரியைப் படித்தபோது எனக்கு விளக்கம் எதுவும் தேவைப்படவில்லை.

இப்போது 1515. என்னை ரொம்ப நாள் தூங்கவிடாத வருஷம் இது.

குஜராத் சுல்தான் முசாபர் ஷா போர்ச்சுக்கீசிய ஆளுநர் அல்புகர்க்குக்கு ஒரு காண்டாமிருகத்தைப் பரிசாகக் கொடுத்தார். அவர் அதைத் தன் ராஜாவுக்குப் போகட்டும் என்று கோவாவில் கப்பல் ஏற்றிவிட்டார். 1515 மே 20 அன்று லிஸ்பனில் இறங்கியது. ரோமாபுரிக் காலத்துக்குப் பிறகு ஐரோப்பா கண்ணால் பார்த்த முதல் காண்டாமிருகம். ஜூன் 3 அன்று மன்னர் மனுவேல் அதை ஒரு யானையோடு மோத விட்டார், யானை ஓடிவிட்டது. பிறகு போப்பாண்டவருக்குப் பரிசாக மறுபடி கப்பலில் ஏற்றினார்கள். 1516 தொடக்கத்தில் இத்தாலியக் கரைக்குப் பக்கத்தில் புயலில் கப்பல் மூழ்கியது, சங்கிலியில் கட்டியிருந்த விலங்கும் மூழ்கியது. இந்த இடத்தை நான் எப்போது படித்தாலும் கொஞ்ச நேரம் நிறுத்திவிடுவேன்.

ட்யூரர் அதைப் பார்த்ததே இல்லை. லிஸ்பனிலிருந்து நூரம்பெர்க்குக்கு ஒரு கடிதமும் படமும் வந்தன, அதை வைத்து வரைந்து, கட்டை வெட்டி, அதே 1515இல் அடித்தார். உடம்பெல்லாம் இரும்புக் கவசம் மாட்டிய மாதிரி, கால்களில் செதில், தோளுக்கு மேல் இல்லாத ஒரு குட்டிக் கொம்பு. மேலே அச்சிட்ட வரிகள் இது 1513 மே முதல் தேதி லிஸ்பனுக்கு வந்தது என்கின்றன, வருஷமே தப்பு. இதன் முழு உருவமும் இதோ என்றும், நிறம் புள்ளி ஆமை மாதிரி என்றும் சொல்கின்றன. படம் அற்புதமானது, அதில் சந்தேகமே இல்லை. அந்தக் கண்ணைப் பாருங்கள், அலுத்துப்போன கண். ஆனால் கொம்பு இல்லாத இடத்தில் கொம்பு. அந்தக் கொம்பு கெஸ்னரின் விலங்கியல் நூலுக்குப் போனது, முன்ஸ்டரின் உலக விவர நூலுக்குப் போனது, பிறகு எங்கெங்கோ போனது. 1741இல் கிளாரா என்ற காண்டாமிருகம் ராட்டர்டாமில் இறங்கி, வருஷக்கணக்கில் ஊர் ஊராகக் காட்சிக்குப் போகிறவரை, ஐரோப்பாவின் மனசில் இருந்தது ட்யூரரின் கவசக்காரர்தான்.

அதே 1515இல் ஜெர்மனியின் ஆக்ஸ்பர்க் நகரத்தில் ஹான்ஸ் பர்க்மையர் என்ற ஓவியரும் ஒரு காண்டாமிருகத்தை மரக்கட்டையில் அடித்தார். அதில் கவசம் இல்லை. கூடுதல் கொம்பு இல்லை. முன்னங்கால்கள் கட்டப்பட்டிருக்கின்றன, அது கைதி என்பது தெரிகிறது. ட்யூரருடையதைவிட உண்மைக்குப் பக்கத்தில் இருக்கிற படம். இன்று உலகத்தில் அதன் பிரதி ஒன்றே ஒன்று, வியன்னாவில். தப்பான படம் பல பதிப்பு கண்டது, சரியான படம் ஒரு தாளாக மிஞ்சியது.

இதுகூடப் பரவாயில்லை. அதே வருஷம், அதே ஆக்ஸ்பர்க்கில், இந்தியாவிலிருந்து இன்னொரு உருவமும் கட்டையில் ஏறியது. லுடோவிக்கோ தி வர்த்தேமா என்ற இத்தாலியர் நம் பக்கமெல்லாம் சுற்றிவிட்டுப் போய் எழுதிய பயண நூல் 1510இல் ரோமில் வெளிவந்திருந்தது. அதன் ஜெர்மன் பதிப்பு 1515இல் வந்தது, படங்கள் யோர்க் ப்ராய். கோழிக்கோட்டு ராஜாவின் பூஜை அறையில் ஒரு சாத்தான் உட்கார்ந்திருப்பதாக வர்த்தேமா எழுதியிருந்தார். மூன்றடுக்குக் கிரீடம், நாலு கொம்பு, நாலு பல், சேவல் கால் மாதிரிக் கால், ஒரு கையால் ஓர் உயிரை வாயில் போட்டுக்கொண்டு மறுகையால் இன்னோர் உயிரைப் பிடித்துக்கொண்டு. ப்ராய் கோழிக்கோட்டைப் பார்த்ததில்லை. ஆனால் சாத்தான் அவருக்கு நன்றாகத் தெரியும், அவர் ஊர்க் கோயில் சுவர்களில் நியாயத்தீர்ப்பு ஓவியங்களில் பாவிகளைத் தின்றுகொண்டிருப்பவன்தான். அவனை எடுத்து நம் சாமி மேடையில் உட்கார வைத்தார். டமாஸ்கஸுக்கும் மிலானுக்கும் ஒரே கட்டை மாதிரி, நரகத்துக்கும் கோழிக்கோட்டுக்கும் ஒரே உருவம்.

வர்த்தேமா எதைப் பார்த்திருப்பார்? என் ஊகம்தான், இரணியனை மடியில் கிடத்திக் குடலை உருவும் நரசிம்மரை நினைத்துப் பாருங்கள். கதை தெரிந்த நமக்கு அதில் பிரகலாதன் தெரிகிறான், கைகூப்பி ஓரத்தில் நிற்கும் குழந்தை. கதை தெரியாதவன் கண்ணுக்கு மனிதனைத் தின்னும் மிருகம் தெரியும்.

எங்கள் ஊரில் வைகாசி முதல் நாள் கெங்கையம்மன் சிரசுத் திருவிழா. அம்மனின் தலை மட்டும் ஊர்வலமாக வரும். மாலைகளுக்கு நடுவே அந்தப் பெரிய முகம், தேங்காய் உடைக்கிற சத்தத்தில் காது அடைத்துப்போகும், கௌண்டன்ய ஆற்றங்கரை முழுக்க ஜனம். கோயிலுக்குப் போனதும் சிரசை உடலோடு பொருத்துவார்கள். ரேணுகையின் கதை. மகனே தாயின் தலையை வெட்டிய துக்கமும், அவள் மறுபடி எழுந்த ஆறுதலும் அந்த ஒரு நாளில் இருக்கிறது. பெரியம்மா அந்த முகத்தைப் பார்த்து அழுவார், ஏன் என்று கேட்டால் "தெரிலடா, வருது" என்பார். ஒரு வர்த்தேமா அன்றைக்கு வந்து ஒரு மணி நேரம் நின்றுவிட்டுப் போய் "இந்த ஊர் ஜனங்கள் வெட்டுண்ட தலையைக் கும்பிடுகிறார்கள்" என்று எழுதினால், எழுதினதில் ஒரு வார்த்தைகூடப் பொய் இல்லை. அதை வைத்து ஒரு ப்ராய் படம் போட்டால் என்ன வரும் என்று யோசித்தபோது எனக்கு வயிற்றைப் பிசைந்தது.

கட்டையில் ஏறியது இறங்குவது கஷ்டம். 1596இல் ஆம்ஸ்டர்டாமில் வந்த லின்ஸ்ஹோட்டனின் கிழக்குப் பயண நூல் செப்புத்தகட்டில் அருமையான படங்களோடு வந்தது, மனிதர்களையும் மரங்களையும் அவ்வளவு நுணுக்கமாகக் காட்டுகிறது, கோயில் என்று வந்ததும் உள்ளே அதே பேய். யாழ்ப்பாணத்தில் பாதிரியாராக இருந்த பால்டேயஸின் புத்தகம் 1672இல் வந்தபோதுதான் விஷ்ணுவின் அவதாரங்கள் வரிசையாக, அடையாளம் கண்டுகொள்ளும்படி, டச்சு வாசகர் கைக்குப் போய்ச் சேர்ந்தன. நூற்றைம்பது வருஷத்துக்கு மேல்.

எல்லோரும் அப்படி இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். மேலே சொன்ன அதே பர்க்மையர், 1508இல், இந்தியாவுக்குக் கப்பலில் போய்வந்த ஒரு வியாபாரியின் குறிப்புகளை வைத்து ஆப்பிரிக்கா, அரேபியா, இந்திய மக்களை நீண்ட வரிசையாக மரக்கட்டையில் அடித்தார். கொச்சி ராஜா பல்லக்கில் போகிறார். தாய் பிள்ளையோடு நடக்கிறாள். அவர்களும் நம்மைப் போல மனிதர்கள் என்று அந்தக் கோடுகள் நம்புகின்றன. அவரும் கடலைத் தாண்டினவர் இல்லை. அப்படியானால் நேரில் பார்ப்பது, பார்க்காதது மட்டும் இல்லை விஷயம். தெரியாத இடம் வரும்போது கை எதைக் கொண்டு நிரப்புகிறது என்பது இருக்கிறது. ஒருவர் கையில் சாத்தான் தயாராக இருந்தான், இன்னொருவர் கையில் பக்கத்து வீட்டுக் குடும்பம் தயாராக இருந்தது.

என் வேலையிலும் தினம் இதுதான். கிராமம் என்றால் ஒரு படம், விவசாயி என்றால் ஒரு படம், மகிழ்ச்சியான குடும்பம் என்றால் நாலு பேர் வெள்ளைச் சட்டையில் சிரிக்கிற படம். ஒரு ஆஸ்பத்திரி பேனருக்கும் ஒரு மனை விற்பனைக்கும் அதே நாலு பேரை நானே போட்டிருக்கிறேன். இந்தக் கட்டுரையை யோசிக்க ஆரம்பித்த பிறகு, பேரணாம்பட்டுப் பக்கத்து ஒரு கூட்டுறவுப் பால் பேனருக்கு இணையத்தில் படம் தேடாமல், வண்டியை எடுத்துக்கொண்டு போய் அங்கே பால் ஊற்றுகிற ஒரு அக்காவிடம் கேட்டுப் படம் எடுத்து வந்தேன். அவர் முதலில் ஒப்புக்கொள்ளவில்லை. "என் மூஞ்சி எதுக்குப்பா, சினிமாக்காரி மூஞ்சி போடு" என்றார். கடைசியில் மாட்டோடு நின்றால் சரி என்றார்.

வேலூர்க் கோட்டைக்குள் ஜலகண்டேஸ்வரர் கோயிலின் கல்யாண மண்டபத்துக்கு அடிக்கடி போவேன். ஏறத்தாழ ட்யூரர் வாழ்ந்த அதே நூற்றாண்டு. தூணில் பாயும் குதிரைகள், யாளிகள். யாளியைப் பார்த்தவர் யாரும் இல்லை, அந்தச் சிற்பி அது எங்கோ காட்டில் இருக்கிறது என்று நம்மிடம் சொல்லவும் இல்லை. ட்யூரரின் படத்தைச் செல்போனில் பெரிதாக்கி யாளிக்குப் பக்கத்தில் பிடித்துப் பார்த்தேன். கால் செதில், கழுத்து மடிப்பு, அந்தக் கைத்திறன் இரண்டும் சொந்தக்காரர்கள் மாதிரி இருக்கின்றன. யாளி அந்தத் தூணை விட்டு எங்கும் போனதில்லை, காண்டாமிருகம் சந்தை சந்தையாகப் போனது. ட்யூரரின் மனைவி ஆக்னஸ் ஃபிராங்ஃபர்ட் சந்தைக்குப் படங்களை எடுத்துப்போய் விற்றிருக்கிறார், அம்மா நூரம்பெர்க் சந்தையில் விற்றார். நம் ஊர்த் திருவிழாவில் சாமி படம் விற்கிற அம்மாக்களைத் தாண்டிப் போகும்போது இப்போதெல்லாம் நின்று ஒன்று வாங்கிவிடுகிறேன்.

போன ஞாயிற்றுக்கிழமை அந்த அம்மன் கட்டையை எடுத்துக்கொண்டு குடியாத்தம் போனேன். பெரியப்பாவுக்கு எண்பத்தொன்று, பார்வை குறைவு, கை நடுக்கம் உண்டு. மிஷின் எப்போதோ பழைய இரும்பு எடைக்குப் போய்விட்டது. மை வாங்கிப் போயிருந்தேன், ஒரு சின்ன ரோலர், கொஞ்சம் கெட்டிக் காகிதம். காகிதத்தை ஈரத்துணிக்குள் வைத்தேன், ஐரோப்பாக்காரர்கள் செய்த மாதிரி. பெரியப்பா கட்டையை வாங்கி விரலால் தடவினார், கண்ணை மூடிக்கொண்டு. மூக்குத்தி இருக்கிற இடத்தில் விரல் நின்றது. "இங்க சில்லு பேந்திருக்கும், ரெண்டாவது வருஷம் நோட்டீஸ் அடிக்கும்போது போச்சி" என்றார். எனக்குத் தெரியவே இல்லை, நான் பார்த்தும் கண்ணில் படவில்லை.

மிஷின் இல்லாததால் காகிதத்தைக் கட்டை மேல் போட்டுக் கரண்டியின் முதுகால் தேய்த்தோம். முதல் நாலும் மை அப்பி முகமே தெரியவில்லை. "மை ஜாஸ்தி, பிசுக்குனு சத்தம் வரக் கூடாது, ரோலர் உருண்டா கிசுகிசுன்னு கேக்கணும்" என்று காதால் பதம் சொன்னார். ஐந்தாவதில் கண் தெரிந்தது. ஏழாவது சரியாக வந்தது. பெரிய கண்கள், நெற்றியில் திருநீற்றுக் கீற்று, மூக்குத்தி இருக்க வேண்டிய இடத்தில் சின்னதாக ஒரு வெள்ளை.

பெரியம்மா அதைக் கையில் வாங்கிக் காயும் வரை ஊதிக்கொண்டே இருந்தார். அப்புறம் உள்ளே போய் டிரங்குப் பெட்டியைத் திறந்து, லட்சுமிக்குக் கீழே இடம் இருக்கிறதா என்று பார்த்தார்.